ரத்த உறவு இல்லை என்றால் சரியாகிவிடுமா? ஜப்பானியப் படக்கதை படித்த மாணவியின் கேள்வி

எங்கள் மஹல்லாவில் பெண்கள் பயான் நடக்கும்போது கேள்விகளைத் துண்டுச் சீட்டில் எழுதி அனுப்புவது வழக்கம். நகைக்கு ஜகாத் எவ்வளவு, விட்டுப்போன நோன்பை எப்படி களா செய்வது என்றுதான் பெரும்பாலும் வரும். அண்மையில் வந்த ஒரு சீட்டு வேறு மாதிரி இருந்தது. எழுதியவர் கல்லூரி மாணவி. அவர் கேட்டதன் சுருக்கம் இது:

“ஹஜ்ரத், ஒரு ஜப்பான் படக்கதை படித்தேன். ஆதரவில்லாத ஆறு வயதுப் பிள்ளையை ஒருவர் வீட்டுக்குக் கூட்டி வந்து அத்தா மாதிரி வளர்க்கிறார். பாதி வரைக்கும் அவ்வளவு நல்ல கதை. கடைசியில் அந்தப் பிள்ளை வளர்ந்து அவரையே கட்டிக்கொள்வதாக முடிகிறது. எனக்குக் குமட்டிவிட்டது. கூடப் படிக்கிறவர்கள், ‘ரெண்டு பேருக்கும் ரத்த உறவு இல்லை, அவள் பெரியவளாகிவிட்டாள், அவளாகத்தான் விரும்புகிறாள், உனக்கென்ன?’ என்கிறார்கள். வளர்ப்பு மகள் மஹ்ரம் இல்லை என்று பயானில் நீங்களும் சொல்லியிருக்கிறீர்கள். அப்படியென்றால் எனக்கு அருவருப்பு வந்தது தப்பா?”

தப்பில்லை என்று ஒரே சொல்லில் பதில் சொல்லிவிடலாம். ஆனால் கடைசி வரியில் மார்க்கச் சட்டத்தையே அந்த மாணவி நம் முன் வைத்துவிட்டார். அதற்குச் சரியான பதில் தராவிட்டால், ‘மனசுக்குப் பிடிக்கவில்லை, ஆனால் சட்டம் அனுமதிக்கிறது’ என்ற குழப்பத்தோடு பிள்ளைகள் நின்றுவிடுவார்கள். ஆகவே கொஞ்சம் விரிவாகவே பார்ப்போம்.

முதலில் கதை. ஜப்பானியப் படக்கதைக்கு ‘மாங்கா’ என்று பெயர். (மாங்கா என்றதும் உப்பும் மிளகாய்த்தூளும் தடவி விற்பதுதான் நமக்கு ஞாபகம் வரும், இது வேறு.) அதே கதை அசையும் படமாக வந்தால் ‘அனிமே’. அந்த மாணவி படித்தது யுமி உனிதா என்ற பெண் எழுத்தாளர் வரைந்த ‘உசாகி ட்ராப்’. 2005 முதல் 2011 வரை ‘ஃபீல் யங்’ என்ற ஜப்பானிய இதழில் தொடராக வந்தது. தைகிச்சி என்ற 30 வயது ஆண், தன் தாய்வழிப் பாட்டனாரின் மவுத்துக்குப் போகிறார். அங்கே ரின் என்ற ஆறு வயதுச் சிறுமி. பாட்டனாருக்குத் திருமணத்துக்கு வெளியே பிறந்த பிள்ளை என்று குடும்பம் நம்புகிறது. யாரும் பொறுப்பேற்க முன்வரவில்லை. ‘நான் கூட்டிப் போகிறேன்’ என்கிறார் தைகிச்சி. உறவுமுறைப்படி பார்த்தால் அந்த ஆறு வயதுப் பிள்ளை இவருக்குச் சின்னம்மா!

முதல் 4 தொகுதிகள் பிள்ளை வளர்ப்புதான். பள்ளியில் சேர்ப்பது, காய்ச்சல் வந்தால் விழித்திருப்பது, பிள்ளைக்காக அலுவலகத்தில் வேலையை மாற்றிக்கொள்வது. உண்மையிலேயே நல்ல எழுத்து. 2011ல் வந்த 11 பாக அனிமே இந்தப் பகுதியோடு நின்றுவிட்டது. அதே ஆண்டு திரைப்படமும் வந்தது. 5ஆம் தொகுதியில் கதை பத்து ஆண்டுகள் தாவுகிறது. ரினுக்கு 16, அவருக்கு 40. பாட்டனார் ரினின் தகப்பனே அல்ல என்பது தெரியவருகிறது. ரின் தன்னை வளர்த்தவர்மேல் ஆசைப்படுகிறாள். அவர் முதலில் திகைக்கிறார். பிறகு பள்ளிப் படிப்பு முடியும்வரை பொறு, அப்போதும் உன் மனம் மாறாவிட்டால் பார்க்கலாம் என்கிறார். அவள் மனம் மாறவில்லை. கதை அப்படியே முடிகிறது.

அனிமேயைப் பார்த்து நெகிழ்ந்துபோய், மீதிக் கதையைத் தேடிப் படித்த உலகெங்குமுள்ள வாசகர்கள் இந்த முடிவில் அதிர்ந்தார்கள். கதை முடிந்து இத்தனை வருடமாகியும், மாங்கா படிப்பவர்களிடம் ‘உங்களை ஏமாற்றிய முடிவு எது?’ என்று கேட்டால் இந்தப் பெயர் வராமல் இருக்காது. ஆக, மதுரையில் ஒரு முஸ்லிம் வீட்டுப் பிள்ளைக்கு மட்டும் வந்த கட்டுப்பெட்டித்தனம் அல்ல இது. பயானே கேட்டிராத வாசகர்களுக்கும் இதே குமட்டல்தான் வந்தது.

பெற்றோர்களுக்கு இங்கே ஒரு விளக்கம் தேவைப்படும். ‘படக்கதைதானே, பிள்ளைகள் சமாச்சாரம்’ என்று நம்மில் பலர் நினைக்கிறோம். அதற்குக் காரணம் உண்டு. இன்று நாற்பதைக் கடந்தவர்கள் படித்தது பக்கத்திலிருக்கும் சிவகாசியிலிருந்து வந்த படக்கதைகளை. 1972ல் தொடங்கிய முத்து காமிக்ஸ், 1984ல் தொடங்கிய லயன் காமிக்ஸ். இரும்புக்கை மாயாவி மின்சாரத்தைத் தொட்டு மறைவார், திருடனைப் பிடிப்பார், கதை முடிந்துவிடும். அந்தப் பழக்கத்தில்தான் பிள்ளை கையில் மாங்காவைப் பார்த்ததும் நாம் நிம்மதியாகிவிடுகிறோம்.

ஜப்பானில் ஏற்பாடே வேறு. அங்கே படக்கதை என்பது எல்லா வயதினருக்குமான வாசிப்பு. சிறுவர்களுக்கு ஓர் இதழ், சிறுமிகளுக்கு ஓர் இதழ், வளர்ந்த ஆண்களுக்கு ஒன்று, வளர்ந்த பெண்களுக்கு ஒன்று என்று கடையிலேயே பிரித்து வைத்திருப்பார்கள். உசாகி ட்ராப் வந்த இதழ் வயது வந்த பெண்களுக்கானது. கடை அடுக்கில் இருக்கும் அந்தப் பிரிவினை நம் வீட்டுக் கைப்பேசியில் இல்லை. நத்தம் சாலையில் 2023ல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகத்தில் சிறுவர்களுக்கெனத் தனிப் பகுதி வைத்திருக்கிறார்கள். கைப்பேசியில் எல்லாம் ஒரே அடுக்கு.

இந்தக் குழப்பம் நம் நாட்டில் ஏற்கெனவே ஒருமுறை அரசு வரைக்கும் போனது. ஷின்சான் ஞாபகம் இருக்கிறதா? ஹங்காமா தொலைக்காட்சியில் 2006லிருந்து வந்தான். நம் வீடுகளில் தமிழும் பேசினான். ஐந்து வயதுப் பையன், தன்னைவிடப் பதினைந்து இருபது வயது மூத்த பெண்களிடம் அசடு வழிவான். அதைப் பார்த்துச் சிரிக்க வேண்டும் என்பது ஏற்பாடு. பெற்றோர்கள் புகார் செய்தார்கள். 2008ல் மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் தடை செய்தது. 2009ல் பல காட்சிகளை வெட்டிய பிறகு மீண்டும் வந்தது. மூலக்கதை 1990ல் வயது வந்த ஆண்கள் படிக்கும் வார இதழில் தொடங்கியது என்பதுதான் இதில் நாம் கவனிக்க வேண்டியது. பெரியவர்களுக்கு எழுதிய நகைச்சுவையைப் பள்ளி விட்டு வரும் பிள்ளைகளின் மாலை நேரத்தில் கொண்டுவந்து வைத்தோம்.

அதன் பிறகு நிலைமை வெகுதூரம் போய்விட்டது. 2025 செப்டம்பரில் ‘டெமன் ஸ்லேயர்’ அனிமே படம் தமிழ் பேசியே இந்தியத் திரையரங்குகளுக்கு வந்தது. ‘பார்க்காதே’ என்று ஒரு வார்த்தையில் முடிக்கிற காலம் இது அல்ல.

ஜப்பான்காரர்களுக்கு மட்டும் இப்படி ஒரு கோணல் புத்தி என்று எண்ணிவிடக் கூடாது. சிறுமியை எடுத்து வளர்த்து மனைவியாக்கிக்கொள்ளும் கதை அங்கே ஆயிரம் ஆண்டுப் பழமை உடையது. 11ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முராசாகி ஷிகிபு என்ற அரசவைப் பெண்மணி எழுதிய ‘கெஞ்சியின் கதை’யில், இளவரசன் கெஞ்சி மலையடிவாரத்தில் பத்து வயதளவில் உள்ள ஒரு சிறுமியைப் பார்த்து, தன் மாளிகைக்குக் கொண்டுபோய் வளர்த்து, பின்னர் துணைவியாக்கிக்கொள்கிறான். பின்னால் வந்த எத்தனையோ கதைகளில் அதன் நிழல் உண்டு. பிரான்சில் 1662ல் மோலியேர் இதே விஷயத்தை நாடகமாக்கினார். ஒருவன் சிறுமியை வெளியுலகம் தெரியாமல் வளர்த்து மணக்கத் திட்டமிடுகிறான். நாடகம் முழுக்க அவனை வைத்துச் சிரிக்கிறார்கள். கடைசியில் அவள் வேறொருவனோடு போய்விடுவாள். ஒரே விஷயம்தான், ஓரிடத்தில் காவியம், ஓரிடத்தில் கேலி.

நம் தமிழ்த் திரையிலும் வயது வித்தியாசம் புதிதல்ல. 1975ல் ‘அபூர்வ ராகங்கள்’, 1985ல் ‘முதல் மரியாதை’. அவற்றின் ஒழுக்கம் பற்றி நமக்கு வேறு விமர்சனங்கள் இருக்கலாம். ஆனால் அந்தப் படங்களைப் பார்த்தவர்களுக்கு இந்த மாணவிக்கு வந்த குமட்டல் வந்ததாகத் தெரியவில்லை. ஏன்? அங்கே யாரும் யாரையும் மடியில் வைத்துச் சோறூட்டி வளர்க்கவில்லை. வளர்ந்த மனிதர்களாகச் சந்தித்துக்கொண்டவர்கள் அவர்கள்.

இங்கேதான் விஷயத்தின் முடிச்சு. முகம் சுளிக்க வைப்பது வயது எண்ணிக்கை அல்ல. வயது வித்தியாசத்தையே குற்றமாகப் பார்க்கும் பார்வை நம் மார்க்கத்தில் இல்லை. அன்னை கதீஜா (ரலி) அவர்கள் நபி (ஸல்) அவர்களைவிடப் பதினைந்து வயது மூத்தவர்கள் என்பது பரவலாக அறியப்பட்ட அறிவிப்பு. மறுமணம் செய்துகொள்ளும் விதவைகளும் விவாகரத்தானவர்களும் வயது பார்த்துப் பின்வாங்க வேண்டியதில்லை என்று நிகாஹ் மேடையிலேயே சொல்கிறோம். சுளிப்புக்குக் காரணம் வேறு: காவல் காக்க வந்தவரே உரிமை கொண்டாட வருவது.

அந்த மாணவியின் தோழிகள் சொன்ன மூன்று வாதங்களில் முதலாவது, ரத்த உறவு இல்லை என்பது. வளர்ப்பு மகள் மஹ்ரம் அல்ல என்று நான் சொன்னது உண்மை. தத்தெடுப்பதால் ரத்த உறவு உண்டாகாது, பிள்ளையை அதன் சொந்தத் தகப்பனின் பெயராலேயே அழைக்க வேண்டும் என்பது அல்அஹ்ஸாப் அத்தியாயத்தில் உள்ள கட்டளை. (விந்தை என்னவென்றால், இந்தக் கதையிலும் குடும்பப் பெயரை மாற்றிக்கொள்கிறாயா என்று கேட்டபோது ரின் வேண்டாம் என்கிறாள்.) ஆனால் ‘மஹ்ரம் இல்லை’ என்ற சட்டத்தை அந்தத் தோழிகள் தலைகீழாகப் படிக்கிறார்கள். மஹ்ரம் இல்லை என்றால் கல்யாணத்துக்குக் கதவு திறந்திருக்கிறது என்பது மட்டும் பொருள் அல்ல. ஒரே வீட்டில் தனித்திருக்கும் கதவு மூடியிருக்கிறது என்பதும் பொருள். தனிமையில் இருத்தல், பர்தா, படுக்கையைப் பிரித்தல் எல்லாம் அந்த நொடியிலிருந்து அமலுக்கு வருகின்றன.

ஹனஃபி மத்ஹபின் பாட நூலான ‘ஹிதாயா’வை நம் மதரஸாக்களில் ஓதாத ஆலிம் இல்லை. 12ஆம் நூற்றாண்டில் இமாம் மர்கீனானி எழுதியது. அதில் பிள்ளை வளர்க்கும் உரிமையைப் பேசும் பாடத்தில் ஒரு சட்டம் உண்டு. தாயும் தாய்வழிப் பெண்களும் இல்லாமல் போய், தகப்பன்வழி ஆண்களிடம் பிள்ளையை ஒப்படைக்க வேண்டிய நிலை வந்தால், பெண் குழந்தையை மஹ்ரம் அல்லாத ஆணிடம், உதாரணமாகத் தகப்பனாரின் சகோதரர் மகனிடம், கொடுக்கக் கூடாது, ஃபித்னாவைத் தவிர்ப்பதற்காக. சொந்த ரத்தம்தான், குடும்பத்து ஆள்தான். ஆனாலும் பின்னால் அவளை மணக்கக்கூடிய நிலையில் இருப்பவன் அவளை வளர்க்கும் இடத்தில் இருக்கக் கூடாது என்கிறது சட்டம். எண்ணூறு ஆண்டுகளுக்கு முன் இதை எழுதி வைத்தவர்கள் மனிதனை அறிந்தவர்கள்.

கதையை இப்போது மறுபடி பாருங்கள். ரின் தன் சின்னம்மா முறை என்று நம்பியவரை தைகிச்சி மஹ்ரம். வளர்த்ததில் தப்பில்லை, அது அமானிதம். அப்படி இல்லை என்று தெரிந்த அன்றைக்கு ஏற்பாடு மாற வேண்டும். அவளைப் பெற்ற தாய் உயிரோடு இருக்கிறாள். இவருடைய தாய் இருக்கிறார். 16 வயதுப் பெண்ணை அவர்கள் பொறுப்புக்கு மாற்றியிருக்கலாம். கதையோ அந்தத் தகவலை நேரெதிராகப் பயன்படுத்துகிறது. தகப்பன் என்ற உரிமையில் பத்து வருடம் ஒரே கூரை. அந்நியர் என்ற உரிமையில் கல்யாணம். இரண்டு உரிமையையும் ஒருவர் ஒரே கையில் வைத்துக்கொள்ள முடியாது. அந்த மாணவிக்குக் குமட்டியது இந்த இரட்டை வேடம்தான். அவருக்கு அதன் பெயர் தெரியவில்லை, அவ்வளவே.

மனைவியின் முந்தைய கணவருக்குப் பிறந்த மகளை மணப்பதை அந்நிஸா அத்தியாயம் நிரந்தரமாகத் தடுத்தபோது, அந்தப் பிள்ளைகளை ‘உங்கள் மடியில் வளர்கிறவர்கள்’ என்ற பொருளில் குறிப்பிடுகிறது. மடியில் வளர்வது இந்தத் தடைக்கு நிபந்தனை அல்ல, அப்படி வளராவிட்டாலும் தடை தடைதான் என்பது பெரும்பான்மை அறிஞர்களின் கருத்து. அப்படியானால் அந்தச் சொல் எதற்கு? வழக்கத்தில் அப்படித்தான் நடக்கும் என்பதற்காக என்று விளக்கவுரையாளர்கள் சொல்வார்கள். எனக்கோ அதைப் படிக்கும்போதெல்லாம், தடையின் உணர்வையும் சேர்த்தே அந்தச் சொல் தருவதாகத் தோன்றும். மடியில் வளர்ந்த பிள்ளையை வேறு கண்ணால் எப்படிப் பார்ப்பது?

இரண்டாவது வாதம், ‘அவளாகத்தான் விரும்புகிறாள்’. இது முதலாவதைவிட ஆபத்தானது. கேட்பதற்கு நியாயம்போல இருப்பதால்.

அநாதைப் பெண்கள் பற்றி அந்நிஸா அத்தியாயத்தின் 3ஆம் வசனம் எதற்காக இறங்கியது என்று உர்வா பின் ஸுபைர் (ரஹ்) தம் சின்னம்மாவான அன்னை ஆயிஷா (ரலி) அவர்களிடம் கேட்கிறார். அன்னையின் விளக்கம் புகாரியில் பதிவாகியிருக்கிறது. அதன் சாரம்: ஓர் அநாதைப் பெண் ஒருவரின் பொறுப்பில் வளர்கிறாள். அவளுடைய அழகும் சொத்தும் அவரைக் கவர்கின்றன. மற்றவர்கள் தரக்கூடிய மஹரைத் தராமல் தானே அவளை மணந்துகொள்ளப் பார்க்கிறார். நீதமாக, அவளைப் போன்ற பெண்களுக்கு உரிய முழு மஹரையும் கொடுத்தாலன்றி அப்படிச் செய்யக் கூடாது, வேறு பெண்களை மணந்துகொள்ளட்டும் என்று தடுக்கப்பட்டார்கள். அதே அத்தியாயத்தின் 127ஆம் வசனமும் இதையொட்டியதுதான். அழகோ செல்வமோ குறைந்திருந்தால் அதே பொறுப்பாளர்கள் அவளை வேண்டாம் என்று ஒதுக்கிவிடுவார்கள் என்பதையும் அன்னை சுட்டிக்காட்டுகிறார்கள்.

அடியோடு ஹராம் என்று அந்த வசனம் சொல்லவில்லை. அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அது யாரை நிறுத்தி விசாரிக்கிறது என்று பாருங்கள். பெண்ணிடம் ‘உனக்குச் சம்மதமா?’ என்று கேட்பதற்கு முன்னால், பொறுப்பாளரைப் பார்த்து ‘உன்னால் நீதமாக இருக்க முடியுமா? இல்லையென்றால் விலகிப் போ’ என்கிறது. சந்தேகத்தின் சுமை வளர்த்தவர் தலையில்.

உசாகி ட்ராப்பில் அந்தச் சுமை முழுவதும் ரின் தலைக்கு மாற்றப்பட்டிருக்கிறது. ஆசைப்படுகிறவள் அவள், சொல்கிறவள் அவள், காத்திருக்கிறவள் அவள். அவர் பாவம், ஒத்துக்கொள்கிறார்! இதுபோன்ற கதைகளைப் படித்துப் பாருங்கள், பெரும்பாலும் இப்படித்தான் அமைத்திருப்பார்கள். மூத்தவர் எதுவும் செய்யமாட்டார். சின்னவளே வந்து நிற்பாள். எழுதுகிறவருக்கு அது வசதி. படிக்கிறவர் கேள்வி கேட்க மாட்டார்.

ஆறு வயதிலிருந்து சோறு போட்டவர், பள்ளிக்கூடத்துக்குப் பணம் கட்டியவர், காய்ச்சலில் விழித்திருந்தவர். அவரிடம் வேண்டாம் என்று சொல்ல வேண்டிய நிலை வந்தால் அந்தப் பெண் எந்த வீட்டுக்குப் போவாள்? போக வேறு வீடு இல்லாதவளின் ‘சரி’யில் விருப்பம் எவ்வளவு, நன்றிக்கடன் எவ்வளவு என்று அவளாலேயே பிரித்துச் சொல்ல முடியாது. கன்னிப்பெண்ணின் அனுமதியைக் கேட்காமல் நிகாஹ் செய்துவைக்கக் கூடாது என்று நபி (ஸல்) அவர்கள் கட்டளையிட்டார்கள். அனுமதி என்றால் மறுக்கவும் வழி இருக்க வேண்டும்.

மூன்றாவது, ‘வயது ஆகிவிட்டது’ என்பது. இதை நீட்ட வேண்டியதில்லை. வயது ஆகும்வரை காத்திருந்தார் என்பதைச் சிலர் கண்ணியமாகச் சொல்கிறார்கள். பிள்ளையாக இருந்தபோதே அந்தக் கண்ணால் பார்த்தாரா என்ற சந்தேகத்தை அந்தக் காத்திருப்பு அழிப்பதில்லை, இன்னும் கூட்டுகிறது. ஜப்பானிலேயே இந்த எண்களை மாற்றிவிட்டார்கள். பெண்ணின் திருமண வயது 16ஆக இருந்தது 2022 ஏப்ரலில் 18 ஆனது. பாலியல் சம்மத வயது 1907லிருந்து 13ஆக இருந்ததை 2023ல் 16 ஆக்கினார்கள். அந்த நாட்டுப் பெண்கள் அமைப்புகளும் பாதிக்கப்பட்டவர்களும் போராடிப் பெற்ற மாற்றம் அது.

ஜப்பானிய எழுத்தாளர்களும் எல்லாரும் ஒரே மாதிரி எழுதுவதில்லை. ஜுன் மயுசுகியின் ‘கோய் வா அமேஅகாரி நோ யோ நி’ 2014 முதல் 2018 வரை வந்தது. உணவகத்தில் வேலை பார்க்கும் 17 வயதுப் பெண், 45 வயது மேலாளர்மேல் ஆசைப்படுகிறாள். சுருக்கத்தைக் கேட்டால் நாம் புத்தகத்தைத் தூக்கி எறிவோம். கதையில் அந்த மனிதர் அவள் ஆசையைத் தனக்குச் சாதகமாக எடுத்துக்கொள்வதில்லை. காலில் அடிபட்டு ஓட்டப்பந்தயத்தை விட்ட வருத்தத்தில் அவள் இங்கே ஒதுங்கியிருக்கிறாள் என்பதைப் புரிந்துகொண்டு, அவளை மைதானத்துக்கே திரும்ப அனுப்புகிறார். இதை நான் பிள்ளைகளுக்குச் சிபாரிசு செய்கிறேன் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். பெரியவர் பெரியவராக நடந்துகொண்டால் அதே தொடக்கம் எங்கே போய்ச் சேரும் என்பதற்காகச் சொன்னேன். மறுபக்கம், பள்ளிச் சிறுமிகளுக்கான இதழிலேயே 1996 முதல் 2000 வரை வந்த ‘கார்ட்கேப்டர் சகுரா’வில், தொடக்கப் பள்ளி மாணவி ஒருத்திக்கும் அவள் வகுப்பாசிரியருக்கும் இடையே மோதிரம் கொடுக்கும் அளவுக்குக் கிளைக்கதை ஒன்று இருக்கிறது. தொலைக்காட்சிக்கு எடுத்தபோது அதை மங்கலாக்கிவிட்டார்கள். சிறுமிகளுக்கான இதழ் என்ற முத்திரையை மட்டும் நம்பியும் பயனில்லை என்று இதிலிருந்து தெரிகிறது.

கற்பனைக் கதைக்கு இவ்வளவு பேச்சு எதற்கு என்று சிலர் கேட்கலாம். தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தின் ஆண்டறிக்கைகளைப் புரட்டினால், போக்சோ சட்டத்தின் கீழ் பதிவாகும் வன்புணர்வு வழக்குகளில் பத்தில் ஒன்பதுக்கும் மேல் குற்றம் சாட்டப்பட்டவர் பிள்ளைக்கு ஏற்கெனவே தெரிந்தவராகவே இருக்கிறார். உறவினர், பக்கத்து வீட்டார், கற்பிப்பவர். அவர்கள் முதல் நாளே கெட்டவர்களாக வருவதில்லை. மிட்டாய், பரிசு, தனிக் கவனிப்பு, ‘உன்னைப் போல என்னைப் புரிந்துகொண்டவர் யாருமில்லை’ என்ற பேச்சு, ‘இது நமக்குள்ள இருக்கட்டும்’ என்ற ரகசியம். பிறகு பிடிபட்டால் அவர்கள் சொல்லும் முதல் வாக்கியம், ‘அவளாகத்தான் வந்தாள்’. கதையில் அந்த வாக்கியத்தைப் பத்து இடத்தில் அழகாகப் படித்துப் பழகிய பிள்ளைக்கு, நிஜத்தில் அது தன் காதில் விழும்போது ஆபத்து என்று உறைக்காமல் போகலாம். என் கவலை அதுதான். அந்த வகையில் அந்த மாணவியின் குமட்டல் அல்லாஹ் தந்த காவல். அதை அவரிடமிருந்து யாரும் பேசிப் பிடுங்கிவிடக் கூடாது.

டியூஷன் வீட்டுக்கும் பள்ளிக்கூட வேனுக்கும் சொல்கிற எச்சரிக்கை நம் மக்தபுகளுக்கும் மதரஸாக்களுக்கும் பொருந்தும். உஸ்தாத் என்ற மரியாதை ஒரு பிள்ளையின் வாயை அடைக்கும் பூட்டாக மாறிவிடக் கூடாது. ஓதிக்கொடுக்கும் அறைக்கதவு திறந்திருக்க வேண்டும், ஒற்றைப் பிள்ளையை நிறுத்திவைத்து ஓதிக்கொடுப்பது கூடாது என்பது ஜமாஅத் நிர்வாகம் எழுதியே வைக்க வேண்டிய விதி. பேர் கெட்டுவிடும் என்று மறைப்பவர்கள் யாருடைய பேரைக் காப்பாற்றுகிறார்கள் என்று ஒரு நிமிடம் யோசிக்கட்டும். போக்சோ சட்டப்படி, தெரிந்தும் புகார் கொடுக்காமல் இருப்பதே குற்றம். 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணை யாரும் எந்த நேரமும் அழைக்கலாம், கட்டணம் கிடையாது.

கல்யாண வயது விஷயத்திலும் நமக்குள் ஒரு தயக்கம் இருந்தது. 2006ஆம் ஆண்டின் குழந்தைத் திருமணத் தடைச் சட்டம் முஸ்லிம்களுக்கும் பொருந்தும், அது ஷரீஅத் தனியார் சட்டத்துக்கு விரோதமானதல்ல என்று 2015ல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை சொன்னது. அப்போது சிலர் வருத்தப்பட்டார்கள். நான் நிகாஹ் தஃப்தரைத் திறக்கும் முன் பெண்ணின் பள்ளிச் சான்றிதழைக் கேட்கிறேன். 18 ஆகவில்லையென்றால் எழுதுவதில்லை. ஜப்பான் கதையைப் பார்த்து முகம் சுளிக்கும் நம் பிள்ளைகள், நம் வீட்டையும் அதே கண்ணால்தான் பார்ப்பார்கள்.

வாலிபப் பையன்களின் பெற்றோர் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். உசாகி ட்ராப்பில் ஆபாசம் கிடையாது. ஆனால் ‘மாங்கா’ என்ற பெயரிலேயே இணையத்தில் சிறுமிகளை ஆபாசமாக வரைந்த குப்பைகளும் கிடைக்கின்றன. ‘வரைந்த படம்தானே’ என்ற சமாதானம் இங்கே செல்லாது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67பி பிரிவு, குழந்தைகளை ஆபாசமாகச் சித்திரிக்கும் எழுத்தையும் டிஜிட்டல் படத்தையும் உருவாக்குவது, தேடுவது, பதிவிறக்குவது எல்லாவற்றையும் குறிப்பிடுகிறது. சென்னையைச் சேர்ந்த ஓர் இளைஞர் மீதான வழக்கை உயர் நீதிமன்றம் ரத்து செய்தபோது, வைத்திருந்ததும் பார்த்ததும் மட்டும் குற்றமல்ல என்று சொல்லப்பட்டது. 2024 செப்டம்பர் 23 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைப் புரட்டிப்போட்டது.

வீட்டில் என்ன செய்வது? கைப்பேசியைப் பிடுங்குவதால் பிள்ளை படிப்பதை நிறுத்தாது, சொல்வதைத்தான் நிறுத்தும். சீட்டு எழுதிய மாணவி தன் அம்மாவிடம் கேட்க முடியாமல்தான் பயானுக்கு எழுதினார் என்று நினைக்கிறேன். என்ன கதை, யார் யாருக்கு என்ன உறவு, உனக்கு எந்த இடத்தில் பிடிக்கவில்லை என்று சாப்பாட்டு நேரத்தில் சாதாரணமாகக் கேளுங்கள். நீங்கள் கேட்காமலே, ‘அந்த ஆள் செய்தது சரியில்லை’ என்று பிள்ளையே சொல்லும். சொன்னால், ‘அதெல்லாம் படிக்காதே’ என்று வெட்டிவிடாமல், ஏன் சரியில்லை என்று மேலும் கேளுங்கள். அம்மாமார்களும் மூத்த அக்காமார்களும் இதைச் செய்தால் இன்னும் நல்லது.

உசாகி ட்ராப்பைப் பெரிய பிள்ளைகள் படிக்க ஆசைப்பட்டால் 4ஆம் தொகுதியோடு நிறுத்திக்கொள்ளச் சொல்லலாம். அனிமேயும் அங்கேதான் நிற்கிறது. சின்னப் பிள்ளைகளுக்கு கியோஹிகோ அசுமாவின் ‘யோட்சுபா’ இருக்கிறது. 2003லிருந்து வருகிறது. அதிலும் வளர்ப்புத் தகப்பன், ஐந்து வயது மகள். பக்கத்து வீட்டில் ஒரு தாயும் மூன்று மகள்களும் அவளைத் தங்கள் பிள்ளைபோல் பார்த்துக்கொள்கிறார்கள். தகப்பன் தகப்பனாகவே இருக்கிறார்.

நம் பெண்பிள்ளைகள் விரும்பிப் படிக்க இன்னொன்று, யுபெசிகா வரைந்த ‘சாதோகோவும் நதாவும்’. அமெரிக்காவில் படிக்க வந்த ஒரு ஜப்பானிய மாணவியும், சவூதியிலிருந்து வந்த முஸ்லிம் மாணவியும் ஒரே வீட்டில் தங்குகிறார்கள். பர்தா, ஹலால் சாப்பாடு, நோன்பு எல்லாம் அந்த ஜப்பானியப் பெண்ணுக்கு ஒவ்வொன்றாகப் புரியவருகிறது. 4 சிறிய தொகுதிகள், ஆங்கிலத்தில் கிடைக்கின்றன. ஜப்பானியப் படக்கதைகளைப் பெரும்பாலும் வலமிருந்து இடமாகப் புரட்ட வேண்டும். குர்ஆன் ஓதிப் பழகிய நம் பிள்ளைகளுக்கு அது சிரமமே இல்லை.